யாசுகே: நொபுநாகாவிடம் படி வாங்கிய ஆப்பிரிக்கர் சாமுராயா, இல்லையா?

நெய்தல்நிலா:
வணக்கம் நண்பர்களே. என் அக்கா மகன் பன்னிரண்டாம் வகுப்பு படிக்கிறான். ஒரு வீடியோ கேமில் யாசுகே என்ற கறுப்பினச் சாமுராயைப் பார்த்துவிட்டு, "சித்தி, இப்படி ஒருத்தர் நிஜமாவே இருந்தாரா?" என்று கேட்டான். தேடிப் பார்த்தேன். ஒரு பக்கம் "மாபெரும் வீரன், ஓடா நொபுநாகாவின் (பதினாறாம் நூற்றாண்டு ஜப்பானின் பெரும் போர்த்தலைவர்) வலது கை" என்கிறார்கள். இன்னொரு பக்கம் "வெறும் வேலைக்காரன், மூட்டை தூக்கியவன்" என்கிறார்கள். 2024லிருந்து இந்தச் சண்டை ஓயவில்லை. இரண்டு பக்கமும் கோபம்தான் நிறைய இருக்கிறது, ஆதாரம் காட்டுபவர்கள் குறைவு. பையனுக்குத் தப்பான பதில் சொல்லிவிடக் கூடாது என்று நினைக்கிறேன். தெரிந்தவர்கள் சொல்லுங்கள், யாசுகே சாமுராயா இல்லையா?

கடலோடி:
அவர் ஜப்பானுக்கு எப்படிப் போய்ச் சேர்ந்தார் என்பதை மட்டும் நான் சொல்கிறேன், மீதியை ஏடுபுரட்டி ஐயா வந்து சொல்லட்டும்.

1579 ஜூலையில் அலெஸ்ஸாண்ட்ரோ வலிஞ்ஞானோ என்ற இத்தாலியப் பாதிரியார் கியூஷு தீவில் உள்ள குச்சினோட்சு துறைமுகத்தில் இறங்கினார். இயேசு சபை கீழ்த்திசை நாடுகளில் நடத்திய பணிகள் எல்லாவற்றையும் மேற்பார்க்க வந்தவர். லிஸ்பனில் கப்பலேறி 1574ல் கோவா வந்து, சில ஆண்டுகள் இந்தியாவில் இருந்து, பிறகு மக்காவ் வழியாக ஜப்பான் போனார். அவருடைய பரிவாரத்தில் இருந்தவர்தான் பின்னால் யாசுகே ஆனார். அவர் மொசாம்பிக்கைச் சேர்ந்தவர் என்று 1627ல் பிரெஞ்சுப் பாதிரியார் சோலியே எழுதியிருக்கிறார். சம்பவம் நடந்து நாற்பத்தைந்து ஆண்டுகள் கழித்து எழுதியது, அதனால் கொஞ்சம் நிதானமாகத்தான் எடுத்துக்கொள்ள வேண்டும். ஆனால் வழி பொருந்துகிறது. போர்த்துகீசியக் கப்பல்கள் நன்னம்பிக்கை முனையைச் சுற்றி வந்து மொசாம்பிக் தீவில் நங்கூரம் போடும். தென்மேற்குப் பருவக்காற்று பிடித்ததும் கோவாவுக்குப் பாய் விரிக்கும். அந்தக் கப்பல்களில் எத்தனையோ ஆப்பிரிக்கர்களை அடிமைகளாக, வேலையாட்களாக, ஆயுதம் தாங்கிய காவலர்களாகக் கொண்டுவந்தார்கள். நான் சரக்குக் கப்பலில் வேலை பார்த்தபோது மொசாம்பிக் கால்வாயை நான்கு முறை கடந்திருக்கிறேன். ஒவ்வொரு முறையும் அந்த மனிதர்களின் நினைவு வரும்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். 1542ல் வந்து நம் முத்துக்குளித்துறையில் பரதவர்களிடையே ஊர் ஊராக நடந்த அதே பிரான்சிஸ் சவேரியார்தான் 1549ல் ககோஷிமாவில் இறங்கி ஜப்பானில் கிறித்தவப் பணியைத் தொடங்கியவர். யாசுகேயைக் கொண்டுபோன பாதை நமக்கு அவ்வளவு தூரத்துப் பாதை இல்லை.

வாள்முனை:
இந்த விஷயத்தில் என் கருத்தை நேராகச் சொல்லிவிடுகிறேன். யாசுகேயைச் சாமுராய் என்று சொல்வது தவறு. அந்தக் காலத்து ஆவணம் எதிலும் அவரைக் குறித்து அந்தச் சொல் இல்லை. குடும்பப் பெயர் இல்லை, யாசுகே என்று ஒற்றைப் பெயர்தான். நிலம் தந்ததாக எங்கும் இல்லை. வீடும் வாளும் கொடுத்தார்கள் என்று சொல்லும் வரி "ஷின்சோ கோக்கி" என்ற நொபுநாகா வரலாற்றின் ஒரே ஒரு கையெழுத்துப் பிரதியில்தான் வருகிறது, மற்ற பிரதிகளில் கிடையாது. அதிலும் "சாமான் தூக்கினார்" என்றுதான் இருக்கிறது. அந்த மனிதர் மேல் எனக்கு எந்த வெறுப்பும் இல்லை. இல்லாத பட்டத்தை இன்று நாம் சூட்டினால் அது வரலாற்றுக்கும் அவருக்கும் செய்யும் அநியாயம்.

ஏடுபுரட்டி:
வாள்முனை கேட்பது நியாயமான கேள்விதான். ஒவ்வொன்றாகப் பார்க்கலாம், கொஞ்சம் நீளும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் யார் யார் எழுதியிருக்கிறார்கள் என்று பார்ப்போம். ஒன்று, பாதிரிமார்களின் கடிதங்கள்: லூயிஸ் ஃப்ரோயிஸ், லொரென்சோ மெஷியா இருவரும். இரண்டாவது, ஓட்டா கியூயிச்சி. நொபுநாகாவிடம் சேவகம் செய்தவர், ஷின்சோ கோக்கியை எழுதியவர். மூன்றாவது, மட்சுதைரா இயேடடாவின் நாட்குறிப்பு. இவர் இன்னொரு போர்த்தலைவரான தொகுகாவா இயேயாசுவின் ஆள், நொபுநாகாவின் ஆள் இல்லை. இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், பிறகு உதவும்.

1581 மார்ச்சில் வலிஞ்ஞானோ கியோட்டோ வந்தபோது ஊரே திரண்டு கறுப்பு மனிதரைப் பார்க்க வந்தது. பாதிரிமார் தங்கியிருந்த வீட்டின் கதவை உடைத்தார்கள், நெரிசலில் ஆட்கள் காயப்பட்டார்கள் என்று ஃப்ரோயிஸ் எழுதுகிறார். சேதி நொபுநாகா காதுக்குப் போனது. வரவழைத்துப் பார்த்தார். இடுப்புக்கு மேல் துணியைக் களையச் சொன்னார். அது இயற்கையான நிறம், பூசிய சாயம் இல்லை என்று அவரால் நம்பவே முடியவில்லை. ஓட்டா அதே நிகழ்ச்சியை மார்ச் 27க்குச் சரியாகும் நாளில் பதிவு செய்கிறார்: வயது இருபத்தாறு, இருபத்தேழு இருக்கும், உடல் முழுக்க எருது போல் கறுப்பு, நல்ல உடற்கட்டு, பத்துப் பேரை மிஞ்சும் பலம். ஐந்தாம் நாள் கியோட்டோவில் நொபுநாகா ஒரு பெரிய குதிரைப்படை அணிவகுப்பு நடத்தினார், வலிஞ்ஞானோவும் அமர்ந்து பார்த்தார். கூட்டத்தைக் கூட்டி வியக்க வைப்பதில் அவ்வளவு ஆசை உள்ளவர் நொபுநாகா. யாசுகேயை அவர் முதலில் வேடிக்கைப் பொருளாகத்தான் பார்த்திருப்பார் என்பதை மறைக்க வேண்டியதில்லை.

ஆனால் கதை அங்கே நிற்கவில்லை. அதே ஆண்டு அக்டோபரில் மெஷியா எழுதிய கடிதத்தில், யாசுகேவுக்கு ஓரளவு ஜப்பானிய மொழி தெரியும், அவரோடு பேசுவதில் நொபுநாகாவுக்கு அலுப்பே வருவதில்லை என்று இருக்கிறது. அவரை ஒரு "தோனோ", அதாவது பிரபு, ஆக்கிவிடுவார் என்றுகூட ஊரில் பேசிக்கொண்டார்களாம். அது ஊர்ப்பேச்சு, நடந்த செய்தி இல்லை. ஆனால் கியோட்டோ மக்களுக்கு அப்படி நினைக்கத் தோன்றியதே, அதைக் கவனியுங்கள்.

சரி, இப்போது அந்த ஒற்றைப் பிரதிக்கு வருகிறேன். சோன்கெய்காகு நூலகப் பிரதி என்பார்கள். அதில் உள்ள வரியின் சாரம்: அந்தக் கறுப்பருக்கு மானியம் அளிக்கப்பட்டது, யாசுகே என்று பெயர் வைக்கப்பட்டது, அலங்கரித்த உறையோடு ஒரு குறுவாளும் தனி வீடும் தரப்பட்டன, சில நேரம் அவரைத் தலைவரின் "தோகு" எடுத்து வரச் செய்தார்கள். இது மற்ற பிரதிகளில் இல்லை என்பது உண்மை. ஏட்டுச்சுவடி பார்த்தவர்களுக்குப் பாடபேதம் புதிதல்ல. ஒரு ஏட்டில் மட்டும் ஒரு வரி இருந்தால் இரண்டு கேள்வி கேட்போம். பின்னால் எவராவது நுழைத்தாரா? அதற்கு வெளியிலிருந்து சாட்சி உண்டா?

சாட்சி உண்டு. அதுதான் இயேடடா. 1582 மே மாதம், தன் பகைவரான தக்கேதா குலத்தை முடித்துவிட்டு நொபுநாகா தொகுகாவா நாட்டின் வழியாகத் திரும்புகிறார். இயேடடா தன் நாட்குறிப்பில் எழுதுகிறார்: பாதிரிமார் காணிக்கையாகத் தந்த, தலைவரிடம் மானியம் பெறும் கறுப்பு மனிதரை உடன் அழைத்து வந்தார், உடல் மை போல், உயரம் 6 ஷாகு 2 பு, பெயர் யாசுகே. வேறு முகாமைச் சேர்ந்தவர், தன் சொந்த நாட்குறிப்பில், கண்ணால் பார்த்ததை எழுதுகிறார். மானியம், பெயர் இரண்டும் அந்த ஒற்றைப் பிரதியோடு அப்படியே ஒத்துப்போகின்றன. மானியத்துக்கு அவர் எழுதிய சொல்லும் அதே சொல்தான், "ஃபுச்சி".

மழைக்காகம்:
ஐயா, ஃபுச்சி என்றால் சம்பளமா? நம் ஊரில் சமையல்காரருக்கும் சம்பளம் கொடுக்கிறோமே.

ஏடுபுரட்டி:
நல்ல கேள்வி. ஃபுச்சி என்பது தலைவன் தன் ஆளை வைத்துக் காப்பதற்கு அளக்கும் அரிசி. பின்னால் எடோ காலத்தில் (17 முதல் 19ஆம் நூற்றாண்டு வரை) ஒரு ஆள் ஃபுச்சி என்றால் நாளுக்கு ஐந்து கோ அரிசி, கிட்டத்தட்ட முக்கால் கிலோ, என்று கணக்கே இருந்தது. நமக்கு இதற்குத் தோதான சொல் உண்டு, "படி". படியளக்கிறவர் என்று சொன்னால் வெறும் முதலாளி என்ற பொருளா வருகிறது? ஒருவர் படியளக்கிறார், இன்னொருவர் அதை உண்டு அவருக்காக நிற்கிறார், அந்த உறவு முழுவதும் அந்தச் சொல்லில் இருக்கிறது. ஃபுச்சியும் அப்படித்தான்.

"தோகு" என்பதைச் சாமான் என்று வாள்முனை எடுத்துக்கொண்டார். நேர்ப்பொருள் அதுதான். ஆனால் போர்வீரர்கள் நடுவில் அந்தச் சொல் ஆயுதத்தை, குறிப்பாக ஈட்டியை, குறிக்கும். தலைவனின் ஆயுதத்தை ஏந்திப் பக்கத்தில் நடப்பது நம்பிக்கைக்கு உரியவர்களுக்குத் தரும் வேலை. தூக்கத்தில்கூடப் பகைக்கு அஞ்ச வேண்டிய காலம் அது. நொபுநாகா தன் ஆயுதத்தை யார் கையிலும் கொடுத்துவிட மாட்டார்.

ஒசாகாவாசி:
நான் பதினோரு ஆண்டுகளாக ஜப்பானில் இருக்கிறேன். இங்கே வந்து தெரிந்துகொண்டதைச் சொல்கிறேன். "சாமுராய்" என்ற சொல்லே "சபுராவு" என்ற வினையிலிருந்து வந்தது. அருகில் இருந்து பணிவிடை செய்வது என்று பொருள். பிறப்பால் பூட்டிய சாதி போல சாமுராயை நாம் கற்பனை செய்வது பின்னால் வந்த எடோ காலத்து நிலையை வைத்து. நொபுநாகா காலத்தில் கோடு அவ்வளவு கெட்டியாக இல்லை. அவரிடம் அடிமட்டத்தில் சேவகத்தைத் தொடங்கிய உழவர் வீட்டுப் பிள்ளைதான் ஹிதேயோஷி. 1585ல் நாட்டின் உச்சப் பதவிக்கே வந்தார். அப்புறம் அதே ஹிதேயோஷிதான் 1588ல் உழவர்களிடமிருந்து வாள்களைப் பறிக்க ஆணையிட்டார், 1591ல் போர்வீரர் உழவராகவோ வணிகராகவோ மாறக் கூடாது என்று தடை போட்டார். தான் ஏறி வந்த ஏணியை அவரே எடுத்துவிட்டார். யாசுகே வந்தது ஏணி இன்னும் சுவரில் சாய்ந்திருந்த காலத்தில்.

குடும்பப் பெயர் இல்லை என்பதும் அதனால் பெரிய தடை இல்லை. கீழ்மட்ட வீரர்கள் நிறைய பேருக்கு ஆவணத்தில் ஒற்றைப் பெயர்தான்.

வாள்முனை:
இயேடடா குறிப்பு இவ்வளவு பொருந்திப்போகும் என்று நான் யோசித்திருக்கவில்லை, அதை ஏற்றுக்கொள்கிறேன். ஆனாலும் கேட்கிறேன். வில்லியம் ஆடம்ஸ் என்ற ஆங்கிலேய மாலுமி 1600ல் ஜப்பானில் கரை ஒதுங்கினார். இயேயாசு அவருக்கு ஹெமி என்ற ஊரில் 250 கோகு (அரிசி அளக்கும் அளவு) விளைச்சல் உள்ள நிலம் கொடுத்தார். மியுரா அஞ்ஜின் என்ற பெயரோடு வாழ்ந்து 1620ல் இறந்தார். நிலமும் பெயரும் மகன் ஜோசப்புக்குப் போயின. அது ஒரு நிலை. யாசுகேவுக்கு அப்படி என்ன இருந்தது?

மழைக்காகம்:
வாள்முனையின் கேள்விக்கு இன்னொரு ஆளையும் சேர்த்துப் பார்க்கலாமே. மாலிக் அம்பர். எத்தியோப்பியாவில் 1548 வாக்கில் பிறந்து, அடிமையாகக் கைமாறி, பாக்தாத் வழியாகத் தக்காணம் வந்தவர். யாசுகேவின் சமகாலத்தவர் என்றே சொல்லலாம். அகமதுநகர் அரசின் பேஷ்வா, அதாவது முதலமைச்சர், ஆனார். முகலாயப் படையைப் பல ஆண்டுகள் அலைக்கழித்தார். 1610ல் அவர் உருவாக்கிய கட்கி நகரம்தான் பின்னால் அவுரங்காபாத் ஆனது. 1626ல் சாகும்வரை அதிகாரத்தில் இருந்தார். ஏனென்றால் அவருக்குச் சொந்தப் படை இருந்தது, அவரைப் போன்ற ஹப்ஷி (ஆப்பிரிக்க) வீரர்கள் ஆயிரக்கணக்கில் தக்காணத்தில் இருந்தார்கள். ஒரு சுல்தான் போனால் இன்னொருவரை அவரே அரியணையில் உட்கார வைக்க முடிந்தது.

யாசுகேவுக்கு ஜப்பானில் அப்படித் தோள் கொடுக்க எவரும் இல்லை. வலிஞ்ஞானோகூட 1582 பிப்ரவரியில் நான்கு ஜப்பானியச் சிறுவர்களைத் தூதர்களாக அழைத்துக்கொண்டு நாகசாகியிலிருந்து கப்பலேறிவிட்டார். அதற்குப் பிறகு யாசுகேவுக்கு அந்த நாட்டில் நொபுநாகா ஒருவர்தான்.

ஏடுபுரட்டி:
மழைக்காகம், நான் சொல்ல நினைத்ததை நீங்களே தொட்டுவிட்டீர்கள். ஆடம்ஸுக்கு நிலம், அம்பருக்குப் படை. யாசுகேவுக்குக் கிடைத்தது எல்லாம் ஒரு மனிதர் கையிலிருந்து வந்தது. படி, வாள், வீடு, பெயர் எல்லாமே நொபுநாகா கொடுத்தவை, நொபுநாகா இருக்கும்வரைதான் நிற்கும். "சாமுராயா இல்லையா" என்று பட்டத்தைப் பிடித்துச் சண்டை போடும் இரண்டு தரப்பும் இதைத்தான் தவறவிடுகின்றன. மார்ச் 1581 முதல் ஜூன் 1582 வரை, பதினைந்து மாதம், அவர் நொபுநாகாவின் ஆள். அந்த வீட்டு வழக்கப்படி ஒரு வீரனை ஆளாக ஏற்றுக்கொள்ள என்னென்ன கொடுப்பார்களோ அவை அவருக்குக் கொடுக்கப்பட்டன. என் மனதில் அவர் சாமுராய்தான். ஆனால் அந்த நிலைக்கு வேர் ஓடவில்லை.

நெய்தல்நிலா:
படிக்கப் படிக்க மனம் கனக்கிறது. அந்தப் பதினைந்து மாதம் எப்படி முடிந்தது?

ஏடுபுரட்டி:
1582 ஜூன் 21, விடியற்காலை. நொபுநாகா கியோட்டோவில் ஹொன்னோ-ஜி கோவிலில் தங்கியிருக்கிறார், காவலுக்கு ஆட்கள் குறைவு. அவருடைய தளபதி அகெச்சி மிட்சுஹிதே மேற்குப் போர்முனைக்குப் போக வேண்டிய படையைத் திருப்பிக்கொண்டு வந்து கோவிலை வளைத்துவிட்டார். நொபுநாகா அங்கேயே உயிரை விட்டார், கோவில் எரிந்தது.

யாசுகே அங்கிருந்து நிஜோ மாளிகைக்குப் போனார். நொபுநாகாவின் மூத்த மகன் நொபுதடா இருந்த இடம். இதை எழுதியவர் ஃப்ரோயிஸ், அதே ஆண்டு நவம்பரில் அனுப்பிய அறிக்கையில். யாசுகே அங்கே நெடுநேரம் போரிட்டார் என்கிறார். நான் எப்போதும் நின்றுவிடும் இடம் இது. தலைவர் இறந்தாயிற்று. ஊரோ அந்நியம். பாதிரிமார் வீடு அதே நகரத்தில் இருந்தது, ஓடிப் போய் ஒளிந்துகொண்டிருந்தால் எவரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். அவர் தலைவரின் மகன் பக்கம் போய் வாளோடு நின்றார். நாம் செஞ்சோற்றுக் கடன் என்போம், கர்ணனுக்குச் சொல்வோம். பதினைந்து மாதப் படிக்கு யாசுகே அதைத் தீர்த்தார்.

கடைசியில் அகெச்சியின் ஆள் ஒருவன் கிட்டே வந்து, பயப்படாதே, வாளைக் கொடு என்றான். கொடுத்துவிட்டார். இவரை என்ன செய்வது என்று மிட்சுஹிதேயிடம் போய்க் கேட்டார்கள். வந்த பதில்: இந்தக் காப்பிரி மிருகம் மாதிரி, ஒன்றும் தெரியாதவன், ஜப்பானியனும் அல்ல, கொல்ல வேண்டாம், இந்தியாவிலிருந்து வந்த பாதிரிமார்களின் தேவாலயத்தில் கொண்டுபோய் விடுங்கள். அதோடு பதிவுகள் முடிகின்றன.

புத்தளத்தான்:
அந்தச் சொல்லைப் பார்த்ததும் எழுதாமல் இருக்க முடியவில்லை. போர்த்துகீசர் எழுதியது "காஃப்ரே". எங்கள் பக்கம் "காப்பிரி", "காப்பிலி" என்று சொல்வது அதே சொல்தான். போர்த்துகீசரும் அவர்களுக்குப் பின் வந்தவர்களும் படைவீரராகவும் வேலையாட்களாகவும் இலங்கைக்குக் கொண்டுவந்த ஆப்பிரிக்கர்களின் வழித்தோன்றல்கள் இன்றும் புத்தளத்துக்குக் கிட்ட சிரம்பியடியில் இருக்கிறார்கள். நான் சின்ன வயதில் அவர்களின் மஞ்சா பாட்டுக் கேட்டிருக்கிறேன். முதலில் மெதுவாகத் தொடங்கும், போகப் போக வேகம் பிடிக்கும். கையில் கிடைத்ததைத் தட்டித் தாளம் போடுவார்கள். யாசுகேயைக் கூட்டிச் சென்ற அதே கப்பல்களின் கதைதான் எங்கள் ஊரிலும் இருக்கிறது. அவர்களுக்கு ஒரு நொபுநாகா கிடைக்கவில்லை, ஆனால் ஒரு சமூகமாக நிலைத்து நின்றுவிட்டார்கள்.

ஒசாகாவாசி:
புத்தளத்தான் எழுதியதைப் படித்துவிட்டுக் கொஞ்ச நேரம் சும்மா உட்கார்ந்திருந்தேன்.

கியோட்டோவில் இப்போது இருக்கும் ஹொன்னோ-ஜி பழைய இடத்தில் இல்லை, ஹிதேயோஷி காலத்தில் இடம் மாற்றிக் கட்டியது. பழைய இடத்தில் ஒரு நினைவுக்கல் மட்டும் நிற்கிறது, சாதாரணத் தெருமுனை, சைக்கிள்கள் போய்க்கொண்டிருக்கும். கோவில் பெயரில் வரும் ஒரு எழுத்தைக்கூட மாற்றி எழுதுகிறார்கள். வழக்கமான வடிவத்தில் நெருப்பு என்ற பொருளை நினைவூட்டும் பகுதி இருக்கிறதாம், பலமுறை எரிந்த கோவில் என்பதால் அதைத் தவிர்த்துவிட்டார்கள்.

வாள்முனை:
மிட்சுஹிதேயின் வார்த்தையைப் பற்றி ஒன்று. அது கேவலமான வார்த்தை, சந்தேகமில்லை. உயிரைக் காப்பாற்ற வேண்டுமென்றே அப்படிச் சொன்னார் என்று சிலர் வாதாடுகிறார்கள், எனக்கு அது ஒப்பவில்லை. ஆனால் அதில் ஒரு விஷயம் தெரிகிறது. சாமுராயாக எண்ணியிருந்தால் வாளை ஒப்படைத்தவரை அப்படியே அனுப்பியிருப்பார்களா?

ஏடுபுரட்டி:
அது மிட்சுஹிதேயின் கண், நொபுநாகாவின் கண் இல்லை. ஜப்பானிய மொழி பேசத் தெரிந்தவரை, நொபுநாகாவே அலுக்காமல் பேசிக்கொண்டிருந்தவரை, ஒன்றும் தெரியாதவன் என்று சொன்னவர் அவர். துரோகம் செய்துவிட்டுப் பதின்மூன்று நாள்கூட நிலைக்காமல் யமசாகியில் தோற்று மடிந்தவர். யார் யாசுகேயைக் கிட்டே இருந்து அறிந்தாரோ அவருடைய கணிப்பை எடுத்துக்கொள்கிறேன்.

வாள்முனை:
சரி. என் இப்போதைய நிலை இது. சாமுராய் என்ற சொல்லை நான் இன்னும் தயங்கித்தான் சொல்வேன். "நொபுநாகாவின் ஆயுதம் தாங்கிய சேவகர், வாளும் வீடும் பெற்றவர், அவருடைய மகனுக்காகப் போரிட்டவர்" என்று சொல்வேன். மூட்டை தூக்கியவர் என்ற பொருள்படச் சொன்னதைத் திரும்பப் பெறுகிறேன். அது தவறு. அதே நேரத்தில், நொபுநாகாவின் தலையை அவர் ரகசியமாக எடுத்துப் போய்க் காப்பாற்றினார் என்ற கதையையும் பையனுக்குச் சொல்லிவிடாதீர்கள், அந்தக் காலத்து ஆதாரம் எதுவும் அதற்குக் கிடையாது.

நெய்தல்நிலா:
எல்லோருக்கும் நன்றி. நேற்று இரவு அக்கா வீட்டுக்குப் போய் இந்த இழையை அவனுக்கு முழுக்க வாசித்துக் காட்டினேன். இயேடடா பற்றிச் சொன்னபோதுதான் நிமிர்ந்து உட்கார்ந்தான். 6 ஷாகு 2 பு என்றால் எவ்வளவு என்று கேட்டான். ஒரு ஷாகு 30.3 சென்டிமீட்டர், அதில் நூறில் ஒரு பங்கு பு என்று கணக்குப் போட்டுப் பார்த்தோம், 182.4 வந்தது. அக்கா பிள்ளைகளின் உயரத்தைச் சமையலறை நிலைக்கதவில் வருஷா வருஷம் பென்சிலால் குறித்து வைப்பாள். அவன் அளவுநாடாவை எடுத்து, 182.4ல் ஒரு கோடு போட்டு, பக்கத்தில் யாசுகே என்று எழுதினான். அவனுடைய கோடு அதற்கு நான்கு விரல் கீழே இருக்கிறது.